பத்துக் கட்டத்துக்குள் புதுக்கோட்டை அடங்குமா?

ஆன்லைன் ஃபாரங்களில் ஒளிந்திருக்கும் வேண்டாத விதிகளைத் தூக்கி எறிய ஒரு ஸ்பெஷல் கிளாஸ்!

ஒரு குட்டி டெஸ்ட் பாஸ்! 'புதுக்கோட்டை'ங்கிற சொல்லில் எத்தனை எழுத்து?

பு, து, க், கோ, ட், டை... மொத்தம் ஆறு. விரல் விட்டு எண்ணிட்டீங்களா? உங்க தமிழ் மிஸ் ஃபுல் மார்க் போடுவாங்க. ஆனா கம்ப்யூட்டர் போடாது. அதன் கணக்கில் நம்ம ஊர்ப் பெயருக்கு 12 எழுத்து!

காரணம் சிம்பிள். யூனிகோடில் 'பு' என்பது ஒரு எழுத்தில்லை. 'ப' ஒன்று, அதன் உகரக் குறி ஒன்று. 'க்' என்றால் 'க' ஒன்று, மேலே வைக்கும் புள்ளி ஒன்று. இப்படி ஆறு எழுத்தும் இரண்டிரண்டாக உடைந்து 12 ஆகிவிடுகிறது.

இப்போ ஒரு ஆன்லைன் விண்ணப்பம். ஊர்ப் பெயருக்கான கட்டத்தில் அதை எழுதினவர் '10 எழுத்துக்கு மேல் கூடாது' என்று ஒரு விதி போட்டு வைத்திருக்கிறார். நீங்கள் டைப் செய்கிறீர்கள். 'புதுக்கோட்' என்று வந்ததும் வண்டி நின்றுவிடும். கீபோர்டு தேயத் தேயத் தட்டினாலும் அந்தக் கடைசி 'டை' வராது. ஏன் வரவில்லை என்று ஒரு வார்த்தை சொல்லவும் செய்யாது. சரி, ஆங்கிலத்தில் அடிப்போம் என்றால் அதில் 11 எழுத்து. கடைசி 'ஐ' காலி!

சிரிப்பாத்தான் இருக்கும். ஆனால் அந்தக் கட்டம் ஊர்ப் பெயருக்குப் பதில் உங்கள் பெயருக்கானது என்று வைத்துக்கொள்ளுங்கள். 'முத்துலட்சுமி' என்ற பெயர் அதே 10 எழுத்து விதியில் 'முத்துலட்ச' ஆகிவிடும். விண்ணப்பத்தில் ஒரு பெயர், டி.சி.யில் ஒரு பெயர், ஆதாரில் ஒரு பெயர். அப்புறம் ஸ்காலர்ஷிப் கவுன்டரில் 'நீதான் அந்தப் பொண்ணுங்கிறதுக்கு என்னம்மா ப்ரூஃப்?' என்று கேட்டால் என்ன செய்வீர்கள்?

அந்த ஒரு வரி விதிக்குப் பெயர்தான் ஆட்ரிப்யூட். நாளைக்கு அதை எழுதப் போகிறவர்களும் நாமதான். அதனால கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம்.

கட்டத்தின் காவல்காரர்கள்

வெப் பேஜில் நீங்கள் டைப் செய்யும் பெரும்பாலான பெட்டிகள் ஹெச்.டி.எம்.எல்.லில் 'இன்புட்' டேக். அந்த டேக்குக்குள் நாம் எழுதும் குறிப்புகளே ஆட்ரிப்யூட்கள். 'மேக்ஸ்லெங்த்' எத்தனை எழுத்து என்று அளக்கும். 'ரிக்வயர்டு' காலியாக விட்டால் விடாது. 'பேட்டர்ன்' இந்த மாதிரி எழுத்துகள்தான் வரலாம் என்று சொல்லும். 'டிஸேபிள்டு', 'ரீட்ஒன்லி' இரண்டும் கை வைக்காதே என்று தடுக்கும்.

மேக்ஸ்லெங்த் 1995-ல் வந்த ஹெச்.டி.எம்.எல். 2.0-விலேயே இருந்த பழைய ஆள். ரிக்வயர்டு, பேட்டர்ன் எல்லாம் 2014-ல் அதிகாரபூர்வமான ஹெச்.டி.எம்.எல்.5 கொண்டுவந்த புதுசுகள். சரியான இடத்தில் நின்றால் எல்லோரும் நல்ல காவல்காரர்கள்தான். அவர்களை நிற்க வைப்பது யார் என்பதில்தான் சிக்கல்.

பல சமயம் யாருமே யோசித்து நிற்க வைப்பதில்லை. சீனியரின் பழைய பிராஜெக்டிலிருந்து காப்பி, பேஸ்ட். நெட்டில் கிடைத்த அமெரிக்க டெம்ப்ளேட். அதில் 'ஃபர்ஸ்ட் நேம்', 'லாஸ்ட் நேம்' என்று இரண்டு கட்டம், இரண்டுக்கும் ரிக்வயர்டு. அப்படியே நம்ம காலேஜ் சிம்போசியம் ரெஜிஸ்ட்ரேஷனுக்கு வந்து உட்கார்ந்துகொள்ளும். மா.கருப்பையாவுக்கு லாஸ்ட் நேம் என்ன? அப்பா பெயரை விரித்துப் போட்டுவிட்டு வருவார். மறுநாள் மெயில் வரும், 'டியர் மாரிமுத்து' என்று, அப்பா பெயருக்கு!

இன்ஷியலுக்குத் தடா

நமக்குக் குடும்பப் பெயர் வழக்கம் கிடையாது. இருப்பது இன்ஷியல், ஒரு புள்ளி, ஒரு பெயர். இந்தப் புள்ளியை நிறைய பேட்டர்ன்களுக்குப் பிடிப்பதே இல்லை. ஆங்கிலத்தின் 26 எழுத்து மட்டும்தான் என்று எழுதி வைத்த பேட்டர்னில் புள்ளி வைத்தால் அவுட், இடைவெளி விட்டால் அவுட், தமிழில் எழுதினால் டபுள் அவுட். 'ப்ளீஸ் மேட்ச் த ரெக்வஸ்டட் ஃபார்மட்' என்று ஒரு பலூன் எட்டிப் பார்க்கும். அந்த ஃபார்மட் என்னன்னு சொன்னா குறைஞ்சா போயிடுவாங்க?

'எல்லா மொழி எழுத்தும் வரலாம்' என்று தாராளமாகப் பேட்டர்ன் எழுதுகிறவர்களும் தமிழில் மாட்டுவார்கள். யூனிகோடில் 'க' எழுத்து வகை. ஆனால் கொக்கி, கொம்பு, மேல் புள்ளி எல்லாம் 'குறி' என்ற தனி வகை. குறியையும் அனுமதித்தால்தான் 'கண்ணகி' உள்ளே வர முடியும்.

இது வெறும் வெப்சைட் விளையாட்டு இல்லை. நம் பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் 'சர்நேம்' கட்டத்தைக் காலியாக விடலாம். நம்மூரில் பலரும் அப்படித்தான் விட்டிருப்பார்கள். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருந்தால் சுற்றுலா, விசிட் விசாவில் அனுமதி இல்லை என்று அறிவித்தது. பாஸ்போர்ட்டின் இரண்டாவது பக்கத்தில் அப்பா பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் போதும் என்று பிறகு விளக்கம் வந்தது. அதற்குள் டிக்கெட் எடுத்து வைத்திருந்தவர்கள் பாடு? அறந்தாங்கி, மணமேல்குடி பக்கம் வளைகுடாவில் சொந்தம் இல்லாத தெரு எத்தனை இருக்கும், சொல்லுங்கள்.

அமெரிக்க விசாவில் இன்னும் தமாஷ். பாஸ்போர்ட்டில் ஒரே பெயர் இருந்தால் அது சர்நேம் கட்டத்துக்குப் போய்விடும். முதல் பெயர் இடத்தில் 'எஃப்.என்.யூ.' என்று விழும். 'ஃபர்ஸ்ட் நேம் அன்னோன்', அதாவது முதல் பெயர் தெரியவில்லை! கட்டத்தைக் காலியாக விட முடியாத ஒரு விதிக்காக, பெயர் வைத்து வளர்ந்த ஆளைப் பெயர் தெரியாதவர் ஆக்கிவிட்டார்கள்.

பேட்ரிக் மெக்கென்ஸி என்கிற புரோகிராமர் 2010-ல், பெயர்களைப் பற்றி நம் சாஃப்ட்வேர் ஆட்கள் தப்பாக நம்பும் 40 விஷயங்களைப் பட்டியல் போட்டார். இன்றும் உலகம் முழுக்க அதைப் படிக்கிறார்கள். நம்ம ஊர் இன்ஷியல்களைப் பார்த்தால் அந்தப் பட்டியலின் அருமை புரியும்.

அப்பா பெயர் கட்டாயமா?

அடுத்து ரிக்வயர்டு. சிவப்பு நட்சத்திரம் போட்டு மிரட்டுமே, அதேதான்.

'தந்தை பெயர்' கட்டத்துக்குப் பக்கத்தில் அந்த நட்சத்திரம். அம்மா தனியாக வளர்த்த பிள்ளை அங்கே என்ன எழுதுவது? சிலர் ஒரு புள்ளி வைப்பார்கள். சிலர் தாத்தா பெயரைப் போடுவார்கள். சிலர் பேசாமல் எழுந்து போய்விடுவார்கள். கட்டாயப்படுத்திக் கேட்டால் உண்மை வராது பாஸ், ஏதாவது ஒண்ணு வரும். டேட்டாபேஸில் குப்பைதான் சேரும்.

இந்த நட்சத்திரத்தை நீக்க நாடே கொஞ்சம் பாடுபட்டிருக்கிறது. திருமணம் ஆகாத ஒரு தாய், குழந்தையின் தந்தை யார் என்று சொல்லாமலே தன்னைக் கார்டியனாக அறிவிக்கக் கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார். 2015 ஜூலையில் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்தது. 2016 டிசம்பரில் பாஸ்போர்ட் விதிகள் தளர்ந்தன. தாய், தந்தை இருவர் பெயரும் வேண்டாம், ஒருவர் பெயர் போதும் என்றானது. பான் கார்டு விண்ணப்பத்தில், தாய் மட்டுமே வளர்த்த பிள்ளைகள் தந்தை பெயர் தர வேண்டியதில்லை என்பது 2018 டிசம்பர் 5 முதல் அமலுக்கு வந்தது.

கோர்ட், மத்திய அரசு, வருமான வரித் துறை என்று சுற்றி வந்த விஷயம், கோடில் பார்த்தால் ஒரே ஒரு வார்த்தை. அந்த வார்த்தையை எழுதும்போது அரை நிமிஷம் யோசித்தால் என்ன?

ரெண்டே ரெண்டு ஆப்ஷன்

இதே அலட்சியம் ஆப்ஷன் பட்டன்களிலும் உண்டு. தமிழ்நாடு போலீஸ் சப் இன்ஸ்பெக்டர் வேலைக்கு பிரித்திகா யாஷினி விண்ணப்பித்தபோது அதில் ஆண், பெண் என்று இரண்டே பிரிவு. திருநங்கை என்று குறிக்க வழியில்லை. விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. அவர் விடவில்லை. சென்னை உயர் நீதிமன்றம் 2015 நவம்பரில் அவர் பக்கம் நின்றது. 2017-ல் காக்கிச் சட்டையோடு டியூட்டியில் சேர்ந்தார்.

கம்ப்யூட்டர் வருவதற்கு முன்பும் இப்படிக் கட்டங்கள் இருந்தன, கண்ணுக்குத் தெரியாமல். 1886-ல் புதுக்கோட்டையில் பிறந்த முத்துலட்சுமி, நம்ம மன்னர் கல்லூரியில் சேரக் கேட்டபோது 'பெண்ணா?' என்று எதிர்ப்பு கிளம்பியது. மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அந்த விதியை ஒதுக்கிவிட்டு இடம் கொடுத்தார். அந்த மாணவிதான் 1912-ல் சென்னை மருத்துவக் கல்லூரியில் பட்டம் வாங்கி, பிறகு சட்ட மேலவைக்குப் போய், 1954-ல் அடையாறு கேன்சர் இன்ஸ்டிட்யூட்டைத் தொடங்கிய டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. வேண்டாத ஒரு விதியை எடுத்தால் என்ன கிடைக்கும் என்பதற்கு இதைவிடப் பெரிய உதாரணம் வேணுமா?

சரி, எப்படி நீக்குவது?

முதலில் உங்கள் ஃபாரத்தை பிரவுசரில் திறந்து, ஒவ்வொரு பெட்டி மேலும் ரைட் கிளிக் செய்து 'இன்ஸ்பெக்ட்' கொடுங்கள். எந்தெந்த ஆட்ரிப்யூட் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று பேப்பரில் எழுதுங்கள். ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் 'ஏன்?' என்று ஒரு கேள்வி. பதில் கிடைக்காதவை எல்லாம் போக வேண்டியவை.

அடுத்து, அது எங்கிருந்து வந்தது என்று பாருங்கள். நீங்களே டைப் செய்ததா? டிலீட் செய்தால் முடிந்தது. டைப் செய்யாமலே வந்திருக்கிறதா? ஃப்ரேம்வொர்க் வேலை. உதாரணமாக ஜாங்கோ, 2016-ல் வந்த 1.10 பதிப்பிலிருந்து, கட்டாயமான ஃபீல்டுகளுக்குத் தானே ரிக்வயர்டு போட்டுவிடும். ஃபாரம் கிளாஸில் 'யூஸ் ரிக்வயர்டு ஆட்ரிப்யூட்' என்பதை 'ஃபால்ஸ்' ஆக்கினால் பேஜில் அது வராது. ஃபீல்டுக்கு அதிகபட்ச நீளம் கொடுத்திருந்தால் மேக்ஸ்லெங்த்தும் தானாகவே வரும். விட்ஜெட்டின் ஆட்ரிப்யூட் பட்டியலிலிருந்து அதை எடுத்துவிடலாம்.

இங்கேதான் ஒரு பெரிய பள்ளம். ரிக்வயர்டு மாதிரி ஆட்ரிப்யூட்களுக்கு 'ஃபால்ஸ்' என்று மதிப்பு கொடுத்தாலும் அவை வேலை செய்துகொண்டேதான் இருக்கும்! அந்தப் பெயர் டேக்கில் இருந்தாலே போதும், பிரவுசர் 'ஆமாம்' என்று எடுத்துக்கொள்ளும். டிஸேபிள்டு, ரீட்ஒன்லி எல்லாம் இதே ரகம். அந்த வார்த்தையையே முழுசாக எடுத்தால்தான் போகும். ஜாவாஸ்கிரிப்ட் என்றால் 'ரிமூவ்ஆட்ரிப்யூட்' கட்டளை அதற்குத்தான்.

டிஸேபிள்டில் இன்னொரு வில்லங்கம். மாவட்டம் 'புதுக்கோட்டை' என்று முன்கூட்டியே நிரப்பி, யாரும் மாற்றாமல் இருக்க டிஸேபிள்டு போட்டால், அந்தக் கட்டம் சர்வருக்கே போகாது. மாவட்டம் இல்லாத விண்ணப்பமாகப் போய் நிற்கும். காட்டவும் வேண்டும், அனுப்பவும் வேண்டும் என்றால் ரீட்ஒன்லி போடுங்கள்.

மொபைல் நம்பர், பின்கோடு, ரோல் நம்பர் எல்லாம் எண்தானே என்று 'டைப்' இடத்தில் 'நம்பர்' போடுகிறோம். கூட்டிக் கழிக்கப் போவதில்லை என்றால் அது எண்ணே இல்லை. 622001-ஐ அடித்துவிட்டு மவுஸ் சக்கரத்தை உருட்டினால், சில பிரவுசர்களில் அது 622002 ஆகிவிடும். நீங்கள் கவனிக்கக்கூட மாட்டீர்கள். எண் கீபோர்டு மட்டும் வர வேண்டும் என்றால் சாதா டெக்ஸ்ட் பெட்டியில் 'இன்புட்மோட்' வைத்தால் போதும்.

பாஸ்வேர்டு பெட்டியில் பேஸ்ட் செய்ய விடாமல் தடுக்கிறார்களே, அதையும் தூக்குங்கள். 'பேஸ்ட் செய்ய விடுங்கப்பா' என்று பிரிட்டனின் தேசிய சைபர் செக்யூரிட்டி மையமே 2017-ல் எழுதியது. தடுத்தால் மக்கள் ஞாபகம் வைக்கிற மாதிரி சின்ன பாஸ்வேர்டாக வைப்பார்கள். பலம் கூடாது, குறையும்.

முன்வாசலைத் திறந்தால் போதாது

பேஜில் மேக்ஸ்லெங்த்தை எடுத்துவிட்டீர்கள். ஆனால் சர்வர் கோடில் அதே 10 எழுத்து விதி இருக்கிறது. டேட்டாபேஸ் காலமும் 10-தான். என்ன ஆகும்? முழுப் பெயரையும் டைப் செய்ய விட்டு, 'சப்மிட்' அழுத்தினதும் மூஞ்சியில் எர்ரர் அடிக்கும். முன்பைவிட மோசம்! அதனால் மூன்று இடத்திலும் ஒன்றாக மாற்றுங்கள்: பேஜ், சர்வர், டேட்டாபேஸ்.

டேட்டாபேஸில் இன்னொரு கணக்கும் இருக்கிறது. சில டேட்டாபேஸ்கள் எழுத்தை எண்ணாது, பைட்டை எண்ணும். யு.டி.எஃப்.-8 முறையில் தமிழின் ஒவ்வொரு குறியீட்டுக்கும் 3 பைட். ஆக, புதுக்கோட்டைக்கு 36 பைட் வேண்டும். கண்ணுக்கு ஆறு, பிரவுசருக்கு 12, டேட்டாபேஸுக்கு 36!

மாற்றிப் பார்த்தாலும் இதே பாடம்தான். உங்கள் பாதுகாப்பு முழுவதும் பேஜில் இருக்கும் ஆட்ரிப்யூட்டை நம்பி இருந்தால், யார் வேண்டுமானாலும் இன்ஸ்பெக்டைத் திறந்து அஞ்சு செகண்டில் அதை அழித்துவிட்டு எதையும் அனுப்பலாம். ஆட்ரிப்யூட் என்பது பயனாளருக்கு உதவும் குறிப்பு. நிஜமான சோதனை சர்வரில் நடக்க வேண்டும். (அடுத்தவங்க சைட்டில் கடைசி தேதி முடிஞ்ச சப்மிட் பட்டனின் டிஸேபிள்டை அழிச்சிட்டு 'ஹேக் பண்ணிட்டேன்'னு காலரைத் தூக்காதீங்க மக்கா. ஒழுங்கான சர்வர் உங்களைத் திருப்பி அனுப்பிடும். அது நேர்மையும் இல்லை.)

இவங்களை விட்டுடுங்க!

எல்லாவற்றையும் துடைத்து எறிவதும் தப்பு. 'நேம்' ஆட்ரிப்யூட் போனால் அந்தக் கட்டத்தில் எழுதினது சர்வருக்குப் போகவே போகாது. 'ஐடி' போனால் லேபிளுக்கும் பெட்டிக்கும் தொடர்பு அறுந்து, ஸ்கிரீன் ரீடரில் கேட்டு நிரப்பும் பார்வையற்ற மாணவர் தவித்துப்போவார். 'ஆட்டோகம்ப்ளீட்'டில் இது பெயர், இது மெயில் என்று சரியாகச் சொல்லி வைத்தால் பிரவுசரே நிரப்பும், கை நடுங்குகிறவர்களுக்குப் பெரிய உதவி. நிஜமாகவே தேவையான கட்டத்துக்கு ரிக்வயர்டும் இருக்கட்டும். அது எதற்குத் தேவை என்று உங்களால் ஒரு வரியில் சொல்ல முடிய வேண்டும், அவ்வளவுதான்.

உங்க பிராஜெக்டுக்கு ஒரு ஆசிட் டெஸ்ட்!

அடுத்த ரிவ்யூவுக்கு முன்னாடி, உங்க ஃபாரத்தில் இதையெல்லாம் போட்டுப் பாருங்கள்.

* 'சு.முத்துலட்சுமி', புள்ளியோடு.
* இன்ஷியலே இல்லாமல் 'பூ' என்று ஒற்றை எழுத்துப் பெயர்.
* ஊர்: 'ஆவுடையார்கோயில்'. கண்ணுக்கு 8, கம்ப்யூட்டருக்கு 15.
* அப்பா பெயர்: காலி.
* லாஸ்ட் நேம்: காலி.
* முழுப் பெயரைக் காப்பி செய்து பேஸ்ட் செய்யுங்கள். சத்தமில்லாமல் வால் வெட்டுப்படுகிறதா என்று பாருங்கள்.
* சேமித்ததைத் திரும்ப எடுத்துப் பாருங்கள். தமிழ் தமிழாகவே இருக்கிறதா, கேள்விக்குறிகளாக மாறிவிட்டதா?

ஏழும் பாஸ் என்றால் உங்கள் ஃபாரம் நம்ம ஊருக்கு ரெடி.

1991, 92-ல் இந்த மாவட்டத்தில் அறிவொளி இயக்கம் நடந்தது. கிராமம் கிராமமாக, வயல் வேலையும் கல்குவாரி வேலையும் முடித்து வந்த பெண்கள் இரவில் உட்கார்ந்து எழுத்துக் கூட்டினார்கள். சைக்கிளும் கற்றுக்கொண்டார்கள். முதன்முதலில் அவர்கள் எழுதப் பழகியது தங்கள் பெயரைத்தான். கைநாட்டு வைத்த கை கையெழுத்துப் போட்டது. அவர்களின் பேரப் பிள்ளைகள் இன்று கீழ ராஜ வீதி பிரவுசிங் சென்டரிலும் இ-சேவை மையத்திலும் கீபோர்டு முன்னால் உட்கார்ந்திருக்கிறார்கள்.

பாட்டி முழுசாக எழுதக் கற்றுக்கொண்ட பெயரை, பேத்தியின் விண்ணப்பத்தில் பாதியில் வெட்டுகிற கோடு நம்ம கையிலிருந்து வர வேண்டாமே. என்ன, இன்னிக்கே இன்ஸ்பெக்ட் பண்ணலாமா?